நண்பர் அழைக்கிறார், அறைக்குள் போக முடியவில்லை: வாசகர் கேள்வி–பதில்

கணினியில் வியூக விளையாட்டு ஆடும் வாசகர்கள் இம்முறை அனுப்பிய கேள்விகளில் பெரும்பாலானவை ஒரே இடத்தைச் சுற்றியே இருக்கின்றன: நண்பர் திறந்து வைத்திருக்கும் ஆட்டத்தில் எப்படிப் போய்ச் சேர்வது? அவற்றை மட்டும் இங்கே எடுத்துக்கொள்கிறோம். ஆட்டத்தைத் திறந்து நடத்துபவரை 'ஹோஸ்ட்' என்றும், தொடங்கும் முன் எல்லோரும் கூடும் அறையை 'லாபி' என்றும் குறிப்பிடுகிறோம். 'ஸ்டீம்' என்பது கணினி விளையாட்டுகளை விற்று, நண்பர்களையும் இணைத்துவைக்கும் இணையக் கடை.

கேள்வி: நண்பர் ஸ்டீமில் அழைப்பு அனுப்புகிறார். அதை அழுத்தினால் விளையாட்டு திறந்து, முகப்புத் திரையோடு நின்றுவிடுகிறது. சில நாள் 'பதிப்பு பொருந்தவில்லை' என்கிறது. இருவரிடமும் இருப்பது ஒரே விளையாட்டுதானே?

பதில்: இவை இரண்டும் வேறு வேறு சிக்கல்கள்.

முதலாவது எளிது. பல வியூக விளையாட்டுகள் நேராகத் திறப்பதில்லை. நடுவில் ஒரு லாஞ்சர் வந்து, அதிலிருந்துதான் விளையாட்டுக்குள் போக வேண்டியிருக்கிறது. நீங்கள் ஏற்றுக்கொண்ட அழைப்பு அந்த இடைவழியில் தொலைந்துபோகிறது. ஆகவே அழைப்பு வரும் முன்பே விளையாட்டைத் திறந்து, மல்டிபிளேயர் பட்டியல் வரை போய்க் காத்திருங்கள். ஹோஸ்ட் லாபியைத் திறந்துவிட்டேன் என்று சொன்ன பிறகு, ஷிஃப்ட், டேப் இரண்டையும் சேர்த்து அழுத்தினால் ஸ்டீமின் மேல்திரை வரும். நண்பர் பட்டியலில் அவர் பெயரை வலது கிளிக் செய்து 'ஜாயின் கேம்' கொடுங்கள். அந்த வரியே தென்படவில்லை என்றால், பெரும்பாலும் அவர் லாபியை இன்னும் திறக்கவில்லை, அல்லது தனி அறையாகப் பூட்டி வைத்திருக்கிறார்.

இரண்டாவதில்தான் பலர் மாலைப்பொழுது முழுவதையும் இழக்கிறார்கள். பெயர் ஒன்றாக இருப்பதால் விளையாட்டு ஒன்றாகிவிடாது. பதிப்பு எண்ணின் கடைசி இலக்கம் வரை ஒத்துப்போக வேண்டும். இருவரும் முகப்புத் திரையில் உள்ள எண்ணை அப்படியே படித்துச் சொல்லிக்கொள்ளுங்கள். யாருடையது பழையதோ அவர் ஸ்டீமின் 'டவுன்லோட்ஸ்' பக்கத்தைப் பார்க்கட்டும். அப்டேட் வேறொரு நேரத்துக்குத் தள்ளி வைக்கப்பட்டு வரிசையில் கிடக்கும். அங்கும் ஒன்றுமில்லை என்றால் ஸ்டீமை முழுவதுமாக மூடித் திறந்தால் புதிதாகத் தேடும்.

எண் ஒன்றுதான், இருந்தும் சேர முடியவில்லையா? விளையாட்டின் 'ப்ராப்பர்ட்டீஸ்' உள்ளே 'பீட்டாஸ்' என்ற பகுதியைப் பாருங்கள். எப்போதோ சோதனைப் பதிப்பைத் தேர்ந்தெடுத்து மறந்திருப்பீர்கள். அடுத்து மாட்கள், அதாவது ஆடுபவர்கள் உருவாக்கி விளையாட்டில் சேர்க்கும் மாற்றங்கள். பாரடாக்ஸ் நிறுவனத்தின் ஸ்டெல்லாரிஸ், யூரோப்பா யுனிவர்சாலிஸ் 4, ஹார்ட்ஸ் ஆஃப் அயர்ன் 4 போன்றவற்றில் பதிப்பு எண்ணை ஒட்டி நான்கு எழுத்தில் ஒரு குறி இருக்கும். அதற்கு 'செக்சம்' என்று பெயர். விளையாட்டின் கோப்புகளைக் கணக்கிட்டு வரும் விடை அது. ஒரே ஒரு மாட் கூடினாலும், சில சமயம் மாட்கள் ஏறும் வரிசை மாறினாலும் அந்த நான்கு எழுத்து மாறிவிடலாம். லாபியில் ஏறிப் பார்த்துத் தோற்பதைவிட, தொலைபேசியில் அந்த நான்கு எழுத்தை ஒப்பிட்டுக்கொள்வது பத்து விநாடி வேலை.

மாட் எதுவுமே இல்லாமல் செக்சம் வேறுபட்டால் கோப்பு சிதைந்திருக்கிறது என்று கொள்ளலாம். 'இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்' பகுதியில் 'வெரிஃபை' கொடுங்கள். பழுதான கோப்புகளை மட்டும் ஸ்டீம் மறுபடி இறக்கிக்கொள்ளும். மாட்களைக் கையால் விளையாட்டுக் கோப்புறைக்குள் போட்டிருந்தால் அவற்றை நீங்களே அகற்ற வேண்டும். வெரிஃபை செய்வது இல்லாததைக் கொண்டுவரும், மாறியதைத் திருத்தும். கூடுதலாக இருப்பதைத் துடைக்காது.

ஒருவர் விண்டோஸ், மற்றவர் மேக் அல்லது லினக்ஸ் என்றால் இன்னொன்றையும் கவனியுங்கள். சில விளையாட்டுகளில் அந்தப் பதிப்புகளை வேறு நிறுவனம் உருவாக்குகிறது. அப்டேட் சில நாளோ சில வாரமோ பின்தங்கி வரும். அந்த இடைவெளியில் உங்கள் பக்கம் செய்யக்கூடியது எதுவுமில்லை.

கேள்வி: நண்பரிடம் எல்லா டிஎல்சியும் (தனியாக விற்கும் கூடுதல் பகுதிகளும்) இருக்கிறது. என்னிடம் அடிப்படை விளையாட்டு மட்டும்தான். அத்தனையையும் நான் வாங்கினால்தான் சேர முடியுமா?

பதில்: விளையாட்டைப் பொறுத்தது. வாங்கும் முன் இதைத் தெரிந்துகொள்வது அவசியம். தேவையில்லாமல் வாங்குபவர்கள் நிறைய.

பாரடாக்ஸின் பெரிய வியூக விளையாட்டுகளில் ஹோஸ்டிடம் உள்ள டிஎல்சி அந்த ஆட்டம் முழுவதற்கும் எல்லோருக்கும் திறந்திருக்கும். அதிக டிஎல்சி வைத்திருப்பவரே ஹோஸ்ட் ஆகட்டும். நீங்கள் ஹோஸ்ட் ஆனால் அவரிடம் இருப்பதும் பயன்படாது.

சிவிலைசேஷன் 6 இதற்கு நேர்மாறு. 'கேதரிங் ஸ்டார்ம்' விதிகளில் ஆட வேண்டும் என்றால் அறையில் உள்ள ஒவ்வொருவரிடமும் அந்த விரிவாக்கம் இருக்க வேண்டும். இல்லாதவர் ஒருவர் இருந்தாலும் ஹோஸ்ட் அடிப்படை விதிகளுக்கு இறங்கி வர வேண்டியதுதான். ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2 டெஃபினிட்டிவ் எடிஷன் நடுவழி: கூடுதல் நாகரிகத்தைத் தேர்ந்தெடுப்பவரிடம் அது இருந்தால் போதும், எதிரே ஆடுபவரிடம் இருக்க வேண்டியதில்லை.

ஸ்டீமின் குடும்பப் பகிர்வை வைத்து ஒரே பிரதியில் இருவர் ஒரே நேரத்தில் ஆட முடியுமா என்றும் சிலர் கேட்டிருக்கிறார்கள். முடியாது. குடும்பத்தில் இருவர் ஒரே நேரத்தில் ஆட இரண்டு பிரதி வேண்டும்.

ஆனால் ஒரே பிரதியில் சேர்ந்து ஆட வேறொரு வழி உண்டு. விளையாட்டில் ஒரே கணினியில் பலர் மாறி மாறி ஆடும் 'ஹாட்சீட்' முறை இருந்தால், ஸ்டீமின் 'ரிமோட் ப்ளே டுகெதர்' மூலம் ஹோஸ்டின் திரையே உங்களுக்கு ஓடிவரும். உங்கள் விசையும் மவுஸும் அவர் கணினிக்குப் போகும். விளையாட்டு ஹோஸ்டிடம் மட்டும் இருந்தால் போதும். இதில் சுமை ஹோஸ்டின் அப்லோட் வேகத்தின் மேல் விழுகிறது, ஏனென்றால் அவர் அனுப்புவது வீடியோ. நொடிக்கு நொடி நகரும் விளையாட்டுக்கு இதைப் பரிந்துரைக்க மாட்டோம். ஒருவர் பின் ஒருவராக ஆடும் டர்ன் முறை விளையாட்டுக்குத் தாராளமாகப் போதும்.

கேள்வி: நான் ஒரு கடையில் வாங்கினேன், நண்பர் வேறு கடையில் வாங்கிவிட்டார். அவரை நண்பர் பட்டியலில் கண்டுபிடிக்கவே முடியவில்லை.

பதில்: கடையின் நண்பர் பட்டியலை மறந்துவிடுங்கள், அது அந்தக் கடையோடு முடிந்தது. விளையாட்டுக்குள்ளேயே இருக்கும் அடையாளம்தான் உங்களுக்கு வேண்டும். ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2-இல் ஒவ்வொரு லாபிக்கும் ஓர் எண் உண்டு, அதைக் கொடுத்துத் தேடலாம். சிவிலைசேஷன் 6-இல் லாபித் திரையில் சேர்க்கைக் குறியீடு ஒன்று இருக்கும். ஸ்டெல்லாரிஸ், கணினிக்கு விளையாட்டு விற்கும் கடைகளுக்கிடையே சேர்ந்து ஆட விடுகிறது. கணினிக்கும் கன்சோலுக்கும் இடையே விடுவதில்லை. 'க்ராஸ்ப்ளே' என்ற ஒரே சொல் ஒவ்வொரு விளையாட்டிலும் வேறு வேறு எல்லையைக் குறிக்கிறது என்பதால், வாங்கும் முன் எதற்கும் எதற்கும் இடையே என்று கேட்டுக்கொள்ளுங்கள்.

ஸ்டார்கிராஃப்ட் 2-இல் இன்னொரு தடை இருக்கிறது. நண்பர் பட்டியல் உலகம் முழுவதற்கும் ஒன்று. ஆட்டமோ அமெரிக்கா, ஐரோப்பா, ஆசியா என்று வட்டாரம் பிரித்து நடக்கிறது. பட்டியலில் அவர் பச்சை விளக்கோடு இருப்பார், அழைப்பு மட்டும் போகாது. இருவரில் ஒருவர் வட்டாரத்தை மாற்றிக்கொண்டு உள்ளே வர வேண்டும். அந்த வட்டாரத்தில் உங்கள் முன்னேற்றம் தொடக்கத்திலிருந்து தொடங்கும். பழைய வட்டாரத்தில் சேர்த்தது அழிந்துவிடாது.

ஸ்டீமில் புதிதாகக் கணக்குத் தொடங்கியவர்களுக்கு ஒரு குறிப்பு: கடையில் 5 அமெரிக்க டாலர் அளவுக்குச் செலவிடாத கணக்கு வரம்புக்குட்பட்டது, அதிலிருந்து நட்புக் கோரிக்கை அனுப்ப முடியாது. பழைய கணக்கு வைத்திருக்கும் நண்பர் உங்களுக்குக் கோரிக்கை அனுப்பட்டும்.

கேள்வி: முகவரியை அடித்து நேரடியாக இணையும் விளையாட்டு ஆடுகிறோம். ஹோஸ்டின் ஐபி முகவரியைச் சரியாகத்தான் தருகிறேன். 'இணைக்கிறது...' என்று சுற்றிக்கொண்டே இருந்து நேரம் கடந்துவிடுகிறது. நான் ரவுட்டரில் போர்ட் திறக்க வேண்டுமா?

பதில்: நீங்கள் இல்லை, ஹோஸ்ட். சேருபவர் பக்கத்தில் எதையும் திறக்க வேண்டியதே இல்லை. கதவைத் தட்டுபவர் நீங்கள். போர்ட் என்னும் கதவு இருப்பது அவர் வீட்டில்.

முதலில் அவர் கொடுத்தது எந்த முகவரி என்று பாருங்கள். 192.168 என்றோ 10 என்றோ தொடங்கினால், அல்லது 172.16 முதல் 172.31 வரை இருந்தால், அது அவர் வீட்டுக்குள் மட்டும் செல்லும் முகவரி. வெளியிலிருந்து அதை அடித்துப் பயனில்லை. நேரம் கடந்துபோவதற்கு மிகப் பெரிய காரணம் இதுதான்.

அடுத்து ஹோஸ்ட் தன் ரவுட்டரின் நிலைப் பக்கத்தைத் திறந்து, வெளி இணையத்தை நோக்கிய முகவரி (WAN) என்று காட்டுவதைக் குறித்துக்கொள்ளட்டும். 'என் ஐபி என்ன' என்று சொல்லும் ஏதேனும் இணையப் பக்கம் காட்டும் எண்ணோடு அதை ஒப்பிட வேண்டும். இரண்டும் ஒன்றென்றால் போர்ட் திறப்பது பலன் தரும். வேறு வேறு என்றால், குறிப்பாக ரவுட்டர் காட்டுவது 100.64 முதல் 100.127 வரையில் தொடங்கினால், இணைய நிறுவனம் பல வாடிக்கையாளர்களை ஒரே வெளிமுகவரிக்குப் பின்னால் வைத்திருக்கிறது. அங்கே ரவுட்டரில் எத்தனை போர்ட் திறந்தாலும் வீண், ஏனென்றால் அதற்கு வெளியே பூட்டிய கதவு ஒன்று இருக்கிறது. அதன் சாவி உங்களிடம் இல்லை. கைபேசி ஹாட்ஸ்பாட் பெரும்பாலும் இந்த வகைதான். அப்போது வேறொருவர் ஹோஸ்ட் ஆகலாம். நிறுவனத்திடம் பொது முகவரி கேட்கலாம். அல்லது அடுத்த பதிலில் சொல்லும் வழிக்குப் போகலாம்.

போர்ட் திறப்பது பலன் தரும் நிலையென்றால், ரவுட்டரில் ஹோஸ்டின் கணினிக்கு ஒரே உள்முகவரி எப்போதும் கிடைக்கும்படி ஒதுக்கி வையுங்கள். இதை விட்டுவிட்டால் இன்று வேலை செய்த அமைப்பு, ரவுட்டர் அணைந்து எழுந்ததும் வேறு கணினியை நோக்கிப் போய்விடும். பிறகு 'போர்ட் ஃபார்வர்டிங்' பகுதியில் அந்த உள்முகவரியையும் போர்ட் எண்ணையும் கொடுங்கள். டிசிபி, யுடிபி என்பவை தரவு செல்லும் இரண்டு வகைகள். விளையாட்டில் மாற்றி வைக்காதவரை, 0 ஏ.டி.க்கு 20595 யுடிபி, ஃப்ரீசிவ்வுக்கு 5556 டிசிபி, ஓப்பன்டிடிடிக்கு 3979 டிசிபியும் யுடிபியும், ஓப்பன்ஆர்ஏ-வுக்கு 1234 டிசிபி. யுடிபிக்குப் பதில் டிசிபி என்று தேர்ந்தெடுத்துவிட்டு மணிக்கணக்கில் தேடுபவர்கள் பலர். எண்ணோடு வகையும் சரியாக இருக்க வேண்டும்.

ஓப்பன்டிடிடி ஆடுபவர்கள் இவ்வளவு தொலைவு வர வேண்டியதில்லை. 12.0 பதிப்பிலிருந்து அழைப்புக் குறியீடு வந்துவிட்டது. கூட்டல் குறியோடு தொடங்கும் அந்தக் குறியீட்டை நண்பர் அடித்தால், போர்ட் திறக்காமலே இணைக்க விளையாட்டு முயலும்.

சோதிக்கும் விதத்தில் இரண்டு தவறுகள் நடக்கின்றன. ஒன்று, ஹோஸ்ட் தன் வீட்டுக்குள்ளிருந்தே தன் வெளிமுகவரியை அடித்துப் பார்ப்பது. பல ரவுட்டர்கள் அப்படித் திரும்பி வருவதை ஏற்காது. சரியான அமைப்பும் தவறாகத் தெரியும். மற்றொன்று, போர்ட் திறந்திருக்கிறதா என்று பார்க்கும் இணையப் பக்கங்களை நம்புவது. அவற்றில் பல டிசிபியை மட்டுமே சோதிக்கின்றன, யுடிபி திறந்திருந்தாலும் மூடியிருக்கிறது என்றே சொல்லும். உண்மையான சோதனை, ஆட்டத்தைத் திறந்து வைத்துவிட்டு வெளியே இருக்கும் நண்பரைச் சேரச் சொல்வதுதான்.

இதையெல்லாம் செய்த பிறகும் நிற்கிறது என்றால் ஹோஸ்டின் விண்டோஸ் ஃபயர்வாலைப் பாருங்கள். விளையாட்டை முதன்முதலில் திறந்தபோது வந்த அனுமதிப் பெட்டியை 'கேன்சல்' செய்திருந்தால், விண்டோஸ் பேசாமல் இருந்துவிடாது. அந்த நிரலைத் தடுக்கும் விதியை எழுதி வைத்துக்கொள்ளும். பிறகு நீங்கள் அனுமதி விதி சேர்த்தாலும் தடை விதிதான் வெல்லும். ஃபயர்வாலின் மேம்பட்ட அமைப்பில் 'இன்பவுண்ட் ரூல்ஸ்' பட்டியலுக்குப் போய், விளையாட்டின் பெயரில் சிவப்புக் குறியோடு இருக்கும் விதிகளை நீக்குங்கள். பெரும்பாலும் டிசிபிக்கு ஒன்று, யுடிபிக்கு ஒன்று என இரண்டு இருக்கும். பிறகு விளையாட்டைத் திறந்தால் மறுபடி கேட்கும், அப்போது அனுமதியுங்கள். ஃபயர்வாலை முழுவதும் அணைத்துவிட்டு ஆடச் சொல்லும் அறிவுரையைத் தயவுசெய்து கேட்காதீர்கள். ஒரு விதியை நீக்கினால் தீரும் சிக்கலுக்கு வீட்டுக் கதவையே கழற்றி வைக்க வேண்டாம்.

கேள்வி: தொலைவிலுள்ள கணினிகளை ஒரே வீட்டு வலையில் இருப்பதுபோல் இணைக்கும் ஹமாச்சி நிரலைப் போட்டு இருவரும் ஒரே வலையில் இருக்கிறோம். பெயருக்கு எதிரே பச்சைப் புள்ளி தெரிகிறது. விளையாட்டின் லேன் (உள்வலை) பட்டியலில் மட்டும் நண்பரின் அறை வருவதில்லை.

பதில்: பச்சைப் புள்ளி இருந்தால் பாதை திறந்துவிட்டது என்று பொருள். பட்டியலில் வராததற்குக் காரணம் வேறு. லேன் பட்டியல் நிரம்புவது, விளையாட்டு வலையில் உள்ள எல்லோரையும் நோக்கி 'யாராவது அறை திறந்திருக்கிறீர்களா' என்று கூவுவதால்தான். உங்கள் கணினியில் இப்போது இரண்டு வலை அட்டைகள் இருக்கின்றன: உண்மையானது ஒன்று, ஹமாச்சி உண்டாக்கிய கற்பனையானது ஒன்று. விளையாட்டு முதல் அட்டையில் கூவிவிட்டு நின்றுவிடுகிறது.

நேரடியாக முகவரி அடிக்கும் இடம் விளையாட்டில் இருந்தால் அதையே பயன்படுத்துங்கள். ஹமாச்சி தரும் முகவரி 25 என்று தொடங்கும், அதே வகை நிரலான ராட்மின் விபிஎன் தருவது 26 என்று தொடங்கும். அந்த இடம் இல்லாத பழைய விளையாட்டு என்றால், விண்டோஸின் வலை இணைப்புகள் பக்கத்தில் ஹமாச்சி அட்டையின் ஐபிவி4 அமைப்பைத் திறந்து, 'அட்வான்ஸ்டு' உள்ளே தானியங்கி மெட்ரிக் என்பதை நீக்கிவிட்டு 1 என்று கொடுங்கள். எண் சிறிதாக இருக்கும் அட்டைக்கு முன்னுரிமை. ஆடி முடித்ததும் பழையபடி தானியங்கிக்கு மாற்றிவிடுங்கள்.

இன்னொரு காரணமும் உண்டு. விண்டோஸ் இந்தப் புது வலையைப் 'பப்ளிக்' என்று எண்ணிக்கொள்ளும். விளையாட்டுக்கு நீங்கள் அனுமதி கொடுத்திருப்பதோ 'பிரைவேட்' வலைக்கு. ஃபயர்வாலின் அனுமதிப் பட்டியலில் இரண்டு கட்டத்தையும் பாருங்கள்.

ஹமாச்சியின் இலவசக் கணக்கில் ஒரு வலைக்கு 5 பேர்தான். ஆறாவது ஆள் வந்தால் சீரோடியர் போன்ற வேறொன்றுக்கு மாறலாம். சீரோடியரில் 16 எழுத்து வலை எண்ணைக் கொடுத்துச் சேர்ந்தால் மட்டும் போதாது. வலையைத் தொடங்கியவர் தன் நிர்வாகப் பக்கத்தில் ஒவ்வொருவரையும் அனுமதிக்க வேண்டும். சேர்ந்தும் முகவரி கிடைக்கவில்லை என்றால் பெரும்பாலும் அவர் அனுமதிக்க மறந்திருக்கிறார்.

கேள்வி: ஒரு மணி நேரம் நன்றாக ஆடுகிறோம். திடீரென 'அவுட் ஆஃப் சிங்க்' என்று வந்து ஆட்டம் நின்றுவிடுகிறது. இணையம் துண்டிக்கப்படவில்லை. இது எதனால்?

பதில்: இதைப் புரிந்துகொள்ள, வியூக விளையாட்டுகள் வலையில் எதை அனுப்புகின்றன என்று தெரிந்திருக்க வேண்டும். நூற்றுக்கணக்கான வீரர்களின் இடத்தையும் உயிர்நிலையையும் நொடிக்கு நொடி அனுப்புவதாக நினைப்போம். பெரும்பாலான நிகழ்நேர வியூக விளையாட்டுகள் அப்படிச் செய்வதில்லை. 'இந்தப் பத்து வில்லாளிகள் அந்த இடத்துக்குப் போகட்டும்' என்ற கட்டளை மட்டும்தான் போகிறது. பிறகு ஒவ்வொரு கணினியும் தனித்தனியே அதே கணக்கைப் போட்டு, ஒரே விடைக்கு வந்துசேர்கிறது. இதற்கு 'லாக்ஸ்டெப்' என்று பெயர். 1997-இல் வந்த ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ், 28.8 கிலோபிட் மோடத்தில் 8 பேரை ஆட வைத்தது இந்த முறையால்தான். காலத்தை 200 மில்லிநொடி கொண்ட துண்டுகளாக வெட்டி, இப்போது கொடுத்த கட்டளையை இரண்டு துண்டு தள்ளி எல்லாக் கணினியிலும் ஒரே சமயத்தில் நிறைவேற்றினார்கள்.

அழகான முறை. ஆனால் அதன் பலவீனமும் அங்கேயே இருக்கிறது. எங்காவது ஒரு கணினியில் ஒரு மான் ஓரடி தள்ளி நின்றால், அதை வேட்டையாடப் போன ஆள் சற்றுத் தாமதமாகத் திரும்புவார், உணவு தாமதமாகச் சேரும், அடுத்த ஆள் பிறப்பது தள்ளிப்போகும். சில நிமிடங்களில் இரண்டு கணினியிலும் இரண்டு வேறு உலகங்கள். விளையாட்டு அவ்வப்போது இரண்டு பக்கத்துக் கணக்கையும் ஒப்பிடுகிறது. வேறுபாட்டைக் கண்டதும் நிறுத்துகிறது. ஆகவே அந்தச் செய்தி உங்கள் இணைப்பைக் குறை சொல்லவில்லை. இரண்டு கணினிகளும் ஒரே தொடக்கத்திலிருந்து வேறு விடைக்கு வந்துவிட்டன என்கிறது.

காரணங்களில் முதலிடம் மாட்களுக்கு. லாபியில் சேரும்போது ஒத்துப்போன மாட்கூட, உள்ளே ஒவ்வொரு கணினியிலும் வேறு விதமாக நடந்துகொள்ளும்படி எழுதப்பட்டிருக்கலாம். அடுத்தது சிதைந்த கோப்பு. பிறகு விளையாட்டிலேயே உள்ள பிழை. அப்டேட் வந்த முதல் வாரத்தில் இது அதிகம்.

என்ன செய்வது? பாரடாக்ஸ் விளையாட்டுகள் சிலவற்றில் மறு ஒத்திசைவுப் பொத்தான் வரும். ஹோஸ்டின் உலகத்தை எல்லோருக்கும் புதிதாக அனுப்பிவிட்டுத் தொடரும். அது இல்லாவிட்டால் ஹோஸ்ட் சேவ் செய்து, எல்லோரும் முகப்புத் திரைக்கு வந்து, அந்த சேவிலிருந்து லாபியை மறுபடி திறக்க வேண்டும். இங்கே ஒரு நுணுக்கம்: முகப்புக்கு வருவதோடு நிற்காமல் விளையாட்டையே மூடித் திறங்கள். நினைவகத்தில் தங்கியிருக்கும் பழைய மிச்சங்கள் போய்விடும். உடனே மீண்டும் சிக்கும் ஆட்டங்கள் பல இதனால் மட்டுமே ஓடியிருக்கின்றன.

பத்து நிமிடத்துக்கு ஒருமுறை வருகிறது என்றால் மாட்கள் அத்தனையையும் நீக்கிப் புது ஆட்டம் ஒன்று ஆடிப் பாருங்கள். சரியாக ஓடினால் மாட்களைப் பாதி பாதியாகச் சேருங்கள். 16 மாட்கள் இருந்தால் ஒவ்வொன்றாகப் பார்க்க 16 சோதனை வேண்டும். பாதியாகப் பிரித்தால் நான்கில் குற்றவாளி அகப்படும். எப்போதும் ஒரே ஆளுக்கு மட்டும் நிகழ்ந்தால் அவர் கோப்புகளை வெரிஃபை செய்யட்டும். ஆட்டம் வேகமாக ஓடும்போதுதான் வருகிறது என்றால் வேகத்தை ஒரு படி குறைத்து ஆடுவதும் பலருக்குக் கைகொடுக்கிறது.

கேள்வி: 100 எம்பிபிஎஸ் இணைப்பு இருக்கிறது. பிறகு ஏன் ஆட்டம் திணறுகிறது?

பதில்: மேலே சொன்னதிலேயே விடை இருக்கிறது. கட்டளைகள் மட்டுமே போவதால் வேகம் மிகக் குறைவாகவே தேவை. முக்கியமானது, அந்தச் சிறு பொட்டலம் எவ்வளவு சீராகப் போய்வருகிறது என்பது. கட்டளைச் சாளரத்தைத் திறந்து ரவுட்டரின் முகவரிக்குப் பிங் (பொட்டலம் போய்த் திரும்பும் நேரத்தை அளக்கும் கட்டளை) கொடுத்து ஐந்து நிமிடம் ஓட விடுங்கள். 1, 2 மில்லிநொடி என்று சீராக வந்தால் வீட்டுக்குள் குறையில்லை. 2, 3, 180, 4, 95 என்று எகிறினால் வைஃபைதான் காரணம். கேபிள் போடுங்கள். முடியாவிட்டால் 2.4 கிகாஹெர்ட்ஸிலிருந்து 5 கிகாஹெர்ட்ஸுக்கு மாறுங்கள்.

எகிறுவது ஏன் அவ்வளவு தொல்லை என்றால், கை பழகிக்கொள்ள முடிவதில்லை. கட்டளை எப்போதும் அரை நொடி தாமதமாக நடந்தால்கூட ஆடுபவர் அதற்கு இசைந்துகொள்கிறார். ஒருமுறை உடனே, மறுமுறை அரை நொடி கழித்து என்று மாறினால்தான் ஆட்டம் கெடுகிறது. ஏஜ் ஆஃப் எம்பயர்ஸை உருவாக்கியவர்கள் தங்கள் சோதனையில் கண்டதும் இதுவே.

பிங் சீராக இருந்தும் எல்லோருக்கும் ஒரே மாதிரி மெதுவாக நகர்கிறதா? அறையில் உள்ள மிகப் பலவீனமான கணினியைத் தேடுங்கள். ஒவ்வொரு கணினியும் முழுக் கணக்கையும் தானே போட வேண்டும் என்பதால், ஒன்று பின்தங்கினால் மற்றவை காத்திருக்கும். ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2-இல் 8 பேர், ஆளுக்கு 200 மக்கள்தொகை என்றால் 1600 உருவங்களை அந்தப் பழைய மடிக்கணினியும் நகர்த்த வேண்டும். தரவரிசை ஆட்டத்துக்குள் விடும் முன் கணினிச் சோதனையில் 1000 புள்ளி எடுக்கச் சொல்வது இதற்காகத்தான். மக்கள்தொகை வரம்பையும் வரைபட அளவையும் குறையுங்கள். கிராஃபிக்ஸைக் குறைப்பதைவிட அது அதிகம் உதவும், ஏனென்றால் ஆட்டத்தின் பிற்பகுதியில் சுமை ஏறுவது செயலி (சிபியு) மேல்.

கேள்வி: பாதி ஆட்டத்தில் சேர முடியுமா? துண்டிக்கப்பட்டால் திரும்ப வர முடியுமா?

பதில்: ஸ்டெல்லாரிஸ், யூரோப்பா யுனிவர்சாலிஸ் 4 போன்றவற்றில் ஓடும் ஆட்டத்திலேயே சேரலாம். நீங்கள் சேரும்போது எல்லோருக்கும் ஆட்டம் நிற்கும். ஹோஸ்டின் சேவ் ஃபைல் உங்களுக்கு வந்து இறங்க வேண்டும். அது 20 மெகாபைட் என்று வையுங்கள். ஹோஸ்டின் அப்லோட் வேகம் 2 எம்பிபிஎஸ் என்றால் 80 விநாடி. இதைத் தெரியாமல் 'நின்றுவிட்டது' என்று பாதியில் மூடிவிடுகிறார்கள், மறுபடி முதலிலிருந்து இறங்குகிறது. பொறுத்திருங்கள்.

சிவிலைசேஷன் 6-இல் ஒருவர் விழுந்தால் அவர் நாட்டைக் கணினி எடுத்து ஆடும். திரும்பி வந்து அதே நாட்டில் அமரலாம். அதற்குள் கணினி உங்கள் திட்டத்தைக் கலைத்துவிடும் என்பதால், ஹோஸ்ட் உடனே ஆட்டத்தை நிறுத்தி வைப்பது நல்லது. ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2 போன்ற நிகழ்நேர ஆட்டத்தில் பாதியில் புதியவர் நுழைய வழியில்லை. சேவிலிருந்து மறுபடி திறக்க வேண்டும், பழைய ஆட்கள் பழைய இடங்களில் அமர வேண்டும்.

கேள்வி: நண்பருக்குப் பகல் என்றால் எனக்கு இரவு. சேர்ந்தாற்போல் ஒரு மணி நேரம் கிடைப்பதே அரிது.

பதில்: டர்ன் முறை விளையாட்டுக்கு மாறுங்கள். சிவிலைசேஷன் 6-இல் 'ப்ளே பை க்ளவுட்' என்ற முறை உண்டு. நீங்கள் உங்கள் டர்னை முடித்ததும் சேவ் சேவையகத்துக்குப் போய்விடும்; அடுத்தவர் தனக்கு நேரம் கிடைக்கும்போது திறந்து ஆடுவார். இருவரும் ஒரே சமயத்தில் இணையத்தில் இருக்கத் தேவையில்லை. நாளுக்கு ஓரிரு டர்ன்தான் நகரும் என்பதால் சிறிய வரைபடமும் 'ஆன்லைன்' வேகமும் தேர்ந்தெடுங்கள். அந்த வேகத்தில் ஆட்டத்தின் எல்லை 250 டர்ன். 'ஸ்டாண்டர்ட்' வேகத்தில் அது 500.

ஒரே நேரத்தில் சேர்ந்து ஆடும் நாளிலும் இதே கணக்கு பொருந்தும். முதல் ஆட்டத்துக்கு இருவர் என்றால் 'டூயல்' வரைபடம், நால்வர் என்றால் 'டைனி' போதும். டர்ன் கடிகாரத்தை 'டைனமிக்' என்று வையுங்கள்; நகரங்களும் படைகளும் பெருகப் பெருக நேரமும் நீளும். கடிகாரமே இல்லாமல் தொடங்கினால், ஒருவர் யோசித்துக்கொண்டிருக்க மற்ற மூவரும் திரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்க நேரும்.